ஒரு பெட்டிக்கு ஒரு நண்டு

என் இடது கைச் சுட்டுவிரலுக்கு நுனி இல்லை. நகத்தோடு சேர்த்து ஒரு நண்டு எடுத்துக்கொண்டது. எவ்வளவு வலித்தது என்பது மறந்துவிட்டது. அந்த நண்டை நான் என்ன செய்தேன் என்பது மட்டும் நன்றாக நினைவிருக்கிறது. அம்மிக் குழவியைத் தூக்கி, அது கூழாகும்வரை குத்தினேன். விற்பதற்கென்று ஒரு மாதம் தீனி போட்டு வளர்த்த நண்டு. என் கணவர் ஓடிவந்து பார்த்துவிட்டு, "விரலுக்கு மருந்து கட்டாம நண்டோட சண்ட பிடிச்சிட்டு இரிக்கியே" என்று சிரித்தார். குழவியை அவர் பக்கமும் ஓங்கினேன். என் கோபம் அப்படிப்பட்டது. அதை மறைத்து இதை எழுதினால், பிறகு சொல்லப்போவது எதுவும் விளங்காது.

தன்னாமுனைக்குக் கிட்ட, வாவிக் கரையோரம் எங்கள் வளவு. கடதாசியில்தான் அது வாவி, எங்கள் வாயில் அது ஆறு. என் கணவர் கண்டல் மரங்களின் வேருக்குள் கூடு வைத்து நண்டு பிடிப்பார். சதை வைக்காத நண்டுகளை ஆற்றில் மிதக்கவிட்ட பெட்டிகளுக்குள் போட்டு, மீன் கழிவு கொடுத்துக் கொழுக்க வைப்போம். வாங்குகிறவர்கள் உயிரோடுதான் வாங்குவார்கள். அதனால் கால் இரண்டையும் கட்டிக் கொடுக்க வேண்டும். கால் என்றால் முன்னால் இருக்கிற இரண்டு பெரிய கடிகால். அந்தக் கட்டுகிற வேலை என்னுடையது. நண்டின் முதுகில் குதிக்காலை வைத்து அழுத்தி, கடிகாலை மடித்துப் பிடித்து, நைலோன் நூலை இரண்டு சுற்றுச் சுற்றி, பல்லால் இழுத்து முடிச்சுப் போடுவேன். பக்கத்தில் இருப்பவர் ஒரு கதையைத் தொடங்கி முடிப்பதற்குள் நான் மூன்று நண்டு கட்டிவிடுவேன்.

நண்டின் ஓடு வளராது. உள்ளே இருக்கிற நண்டுதான் வளரும். ஒரு நாள் அதற்குத் தன் ஓட்டுக்குள்ளேயே இடம் போதாமல் போகும். அப்போது முதுகுப் பக்கம் வெடித்து, பின்பக்கமாகத் தன்னைத் தானே உருவிக்கொண்டு வெளியே வரும். வந்த உடனே அது உரித்த அவித்த முட்டை மாதிரி இருக்கும். ஓடு இறுகும்வரை அதற்குக் கடிக்கவும் முடியாது, ஓடவும் முடியாது. மற்ற நண்டுகளுக்கு அது எப்படியோ தெரிந்துவிடும்.

தொழில் தொடங்கிய காலத்தில் இது எங்களுக்குத் தெரியாது. கம்பு நட்டு வலை கட்டிய ஒரே அடைப்புக்குள் எட்டு நண்டுகளை விட்டோம். மூன்றாம் நாள் பார்த்தபோது இரண்டுதான் முழுசாக இருந்தன. மிச்சமெல்லாம் கால்களும் ஓட்டுத் துண்டுகளும். போட்ட மீன் அப்படியே கிடந்தது, ஆகவே பசியும் இல்லை. ஒன்று மற்றதின் கைக்கெட்டும் தூரத்தில் வந்திருக்கிறது, அவ்வளவுதான் குற்றம். என் கணவர் அன்றே பலகை வாங்கிவந்து பெட்டி அடித்தார். ஒரு பெட்டிக்கு ஒரு நண்டு. எங்கள் தொழிலின் முதல் சட்டமும் கடைசிச் சட்டமும் அதுதான்.

இவ்வளவும் தெரிந்த நான் என் வீட்டுக்குள் என்ன செய்தேன் என்பதுதான் கதை.

எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்குத்தான். மாப்பிள்ளை பெண் வீட்டுக்கு வந்து குடியிருப்பார். மகள் கலியாணம் முடித்தால் தாயும் தகப்பனும் வீட்டை அவளுக்கு விட்டுவிட்டு, வளவின் பின்பக்கம் ஒரு கொட்டிலைப் போட்டுக்கொண்டு போய்விடுவார்கள். அடுத்த மகளுக்கு அடுத்த வீடு. அப்பா இருந்தபோது எனக்கு இந்த வீட்டைக் கட்டித் தந்தார். ஒரு ஹோல், கதவு போட்ட ஒரேயொரு அறை, ஒரு குசினி. அப்பா காலமான பிறகு அம்மா பின்பக்கக் கொட்டிலில் தனியாக இருந்தா. என் தங்கச்சி எனக்குப் பன்னிரண்டு வயது இளையவள். அவளுக்கென்று அம்மாவின் மற்றக் காணியில், கூப்பிடு தூரத்தில், ஒரு வீட்டுக்கு அத்திவாரம் மட்டும் போட்டுக் கிடந்தது. மாப்பிள்ளை கட்டாரில் வேலை செய்தவர். வீடு எழும்புவதற்கு முன்னமே அவருடைய வேலை போய் ஊருக்கு வந்துவிட்டார். கலியாணத்தைத் தள்ளிப்போட முடியவில்லை.

அம்மா என்னிடம் வந்து, "ஆறு மாசம் மட்டும்தான் கா. உன்ட ஹோலில பாதியக் குடு. உன்ட தங்கச்சிதானே" என்றா.

கொடுத்தேன். பெருமையோடு கொடுத்தேன் என்பதையும் சொல்ல வேண்டும். இடுப்பில் தூக்கி வளர்த்த பிள்ளை, இது என்ன பெரிய விஷயம் என்று நினைத்தேன். ஹோலின் நடுவே கல்லுச் சுவர் ஒன்று எழுப்பினோம். நெஞ்சு உயரத்தில் கல் முடிந்துபோனதால், மேலே பழைய சேலை ஒன்றைக் கட்டிவிட்டோம். பூசாத சுவர், விளிம்பெல்லாம் கையைக் கீறும். முன்பாதி அவளுக்கு. பின்பாதியும் அறையும் எனக்கும் கணவருக்கும் மகளுக்கும். குசினியில் இரண்டு அடுப்பு, முதுகோடு முதுகு. ஆறு மாதம் மூன்று வருடமானது.

தங்கச்சி என்றால் எனக்கு உயிர். அவள் தேத்தண்ணிக் கோப்பைக்குள் கரண்டியைப் போட்டுக் கலக்குகிற சத்தம் கேட்டால் எனக்குக் கொலைவெறி வரும். இரண்டும் ஒரே நாளில், ஒரே நிமிஷத்தில் உண்மை. அவள் எதையும் மெதுவாகச் செய்வாள். பாயைத் தட்டி விரிக்க ஒரு யுகம். தும்மினால் மூன்று முறை. சுவருக்கு அந்தப் பக்கம் அவள் புரண்டு படுத்தால் இந்தப் பக்கம் என் பல் நறநறக்கும். வேறு வீட்டில் இருந்துகொண்டு இதையெல்லாம் செய்திருந்தால் எனக்கு அவள் சுபாவம் என்று தோன்றியிருக்கும். பக்கத்தில் இருந்து செய்ததால் எனக்காகவே செய்கிறாள் என்று தோன்றியது.

கை வைத்தும் சண்டை பிடித்திருக்கிறோம். ஒரு முறை உப்புச் சிரட்டை யாருடையது என்று தொடங்கி, நான் அகப்பையால் அவள் முழங்கையில் அடித்தேன். அவள் என் கொண்டையைப் பிடித்துத் தலையைச் சுவரில் மோதினாள். நாய்ச் சண்டையை விலக்குவது போல அம்மா ஒரு வாளித் தண்ணீரை எங்கள் மேல் ஊற்றினா. பிறகு இரண்டு பேரும் நனைந்த சேலையோடு குந்தியிருந்து, ஒரே சோற்றுக் கோப்பையில் கை போட்டுத் தின்றோம். அந்தச் சண்டைகளை நான் பெரிதாக எடுக்கவில்லை. அக்கா தங்கச்சி என்றால் அப்படித்தான், இரத்தம் கட்டிப் பிடித்து வைத்திருக்கும் என்று நம்பினேன்.

ஆண்களுக்கு அந்தச் சலுகையும் இல்லை. என் கணவர் சத்தமான ஆள். யாரைக் கண்டாலும் தோளில் அறைந்துதான் பேசுவார். தங்கச்சியின் புருஷன் பேசாத ஆள். எங்கே இருந்தாலும் முதுகு சுவரில் பட இருப்பார். வந்து ஒரு கிழமைகூட இல்லை, கிணற்றடியில் முகம் கழுவிக்கொண்டு நின்றவரை என் கணவர் பின்னால் போய் "என்னடாப்பா" என்று முதுகில் அறைந்தார். அவர் திரும்பியதை நான் பார்க்கவில்லை, முஷ்டி போனதைத்தான் பார்த்தேன். என் கணவரின் மூக்கெலும்பு உடைந்தது. கிணற்றுக் கட்டெல்லாம் இரத்தம்.

அன்று பின்னேரம் தங்கச்சியின் புருஷன் எங்கள் பக்கத்துக்கு வந்து, சுவரில் சாய்ந்து நின்றுகொண்டு பேசினார். அவர் அவ்வளவு நீளமாகப் பேசி நான் கேட்டது அந்த ஒரு நாள்தான்.

"அண்ணன், அங்க ஒரு அறைக்குள்ள பன்ரெண்டு பேர். கீழ ஆறு கட்டில், மேல ஆறு கட்டில். எட்டு வருசம். எனக்கெண்டு இரிந்தது அந்தக் கட்டிலும், அதச் சுத்தி நான் கட்டின சீலையும்தான். அதுக்குள்ள ஒராள் கை நீட்டினா அடிக்கிற. யோசிக்கிறல்ல, அடிக்கிறதான். நான் வந்திட்டன். கை இன்னும் அங்கதான் இரிக்கி போல."

என் கணவர் மூக்கில் பஞ்சோடு, "சரி, இனி முன்னால வந்து அடிக்கிறன்" என்றார். தங்கச்சியின் புருஷனும் சிரித்தார். ஆனால் அடுத்த நாளே தன் பாயைச் சுற்றி ஒரு சீலையைக் கட்டிவிட்டார். நான் அதைப் பார்த்து, வீட்டுக்குள் வீடு கட்டுகிறான் என்று தங்கச்சியின் காதில் விழும்படி சொன்னேன்.

மூன்றாம் வருடம் தங்கச்சி வயிற்றில் பிள்ளை வந்தது. ஆடி அமாவாசைக்கு அமிர்தகழிக்குப் போய் மாமாங்கக் குளத்தில் இறங்கி நிற்கும்போது அவள் என் கையைப் பிடித்துக் கேட்டாள்.

"அக்கா, பிள்ள பிறந்தா நாப்பது நாளைக்கு அந்த அறையத் தருவீங்களா? சீலைக்குப் பின்னால வெச்சுப் பிள்ளைய வளக்கப் பயமா இரிக்கி."

"தாறன்" என்றேன். இடுப்பளவு தீர்த்தத்தில் நின்று சொன்னேன்.

மார்கழியில் அவளுக்கு வலி வந்தது. பிள்ளை பெரிது, இடுப்பில் இடம் காணாது என்று ஆஸ்பத்திரியில் வயிற்றை வெட்டித்தான் எடுத்தார்கள். ஆண் பிள்ளை. ஐந்தாம் நாள் துண்டு வெட்டி வீட்டுக்கு அனுப்பினார்கள். அதற்கு முதல் நாள் என் மகள் பெரியபிள்ளையானாள். பதின்மூன்று வயது. எங்கள் வழக்கப்படி தண்ணீர் வார்க்கும்வரை அவளை அறைக்குள் வைக்க வேண்டும், ஆண்கள் முகம் பார்க்கக் கூடாது, காத்துக் கறுப்பு அண்டாமல் பக்கத்தில் ஓர் இரும்பு வைக்க வேண்டும். அறையைக் கூட்டி, அவளை உள்ளே விட்டு, தலைமாட்டில் என் வெட்டுக்கத்தியை வைத்தேன்.

தங்கச்சியைக் கொட்டும் மழையில் கதிரையில் வைத்துத் தூக்கிவந்தார்கள். பிள்ளையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, மூடிய கதவைப் பார்த்தாள்.

"அக்கா, அறை?"

"மகள் பெரிய புள்ளையாகிட்டாள். நான் என்ன செய்ற?"

"ரெண்டு பேரையும் உள்ள விடலாம்தானே அக்கா."

அம்மா குறுக்கே வந்து, பெற்ற தீட்டு, சமைந்த தீட்டு என்று ரெண்டு துடக்கை ஒன்றாகக் கலக்கப்படாது என்று சொன்னா. அம்மா நம்பித்தான் சொன்னா. நான் அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டேன். உண்மை என்னவென்றால், அந்த அறைக்குள் இரண்டு பாய் தாராளமாக விரிக்கலாம். நான் விரும்பவில்லை. மூன்று வருடமாகப் பாதி ஹோலைக் கொடுத்துவிட்டேன், கதவு போட்ட ஒரே இடத்தையும் கொடுத்தால் எனக்கு என்ன மிச்சம் என்ற எரிச்சல் நெஞ்சுக்குள் புகைந்துகொண்டிருந்தது. தங்கச்சி கதவிலிருந்து முகத்தைத் திருப்பினாள். சீலைக்குப் பின்னால் போய், தையல் போட்ட வயிற்றைப் பிடித்தபடி பாயில் படுத்தாள்.

மழை விடவில்லை. ஆறு ஏறி வளவுக்குள் வந்தது. முகத்துவாரத்து மணல்மேட்டை வெட்டினால் தண்ணீர் கடலுக்கு இறங்கும், இன்னும் வெட்டவில்லை என்று றோட்டில் போனவர்கள் சொன்னார்கள். அம்மாவின் கொட்டிலுக்குள் முழங்கால் தண்ணீர். அம்மா அரிசி மூட்டையோடு என் பாதிக்கு வந்தா. பிற்பகல் இரண்டு ஆண்களும் தோணியில் போய், பெட்டிகள் அடித்துக்கொண்டு போவதற்குள் உள்ளே இருந்த முப்பது நண்டுகளையும் அள்ளிக்கொண்டு வந்தார்கள். இரண்டு பேரும் ஒன்றாகச் செய்த முதல் வேலை அது. நூல்கட்டை வெள்ளத்தில் போய்விட்டது. நான் கணவரின் பழைய சாரத்தை நாடா நாடாவாகக் கிழித்து, அதனால் நண்டுகளைக் கட்டினேன்.

சுவர் முடிகிற இடத்தில்தான் வெறும் நிலம் கொஞ்சம் இருந்தது. அங்கே பாதியாக வெட்டிய நீலப் பீப்பாயை வைத்து, கட்டிய நண்டுகளை அதற்குள் அடுக்கி, ஆற்றுத் தண்ணீர் கொஞ்சம் ஊற்றி, பலகையால் மூடினேன். தங்கச்சியின் பாய்க்கும் அதற்கும் இரண்டு முழம் இருக்கும்.

அவள் சுவரைப் பிடித்து எழும்பிப் பார்த்தாள். அவளும் என்னோடு இருந்து நண்டு கட்டிப் பழகியவள். "அக்கா, சீலையால கட்டினா நனைஞ்சு இளகும். வேற எதாலயும் கட்டுங்க" என்றாள். "நாத்தமும் அடிக்கி. பிள்ள இரிக்கி."

"அது உன்ட பிள்ளையத் தின்னாது. படு."

ஏழு பேர் அந்த வீட்டுக்குள். வெளியே போக இடமில்லை. ஈர உடுப்பு, பால் மணம், நண்டு நாற்றம், விறகுப் புகை. யாருடைய முழங்கையும் யார் மேலாவது பட்டுக்கொண்டே இருந்தது. பிள்ளை அழுதால் என் காதுக்குள் அழுதது. இரண்டு நாள் ஒருவரும் ஒருவரோடும் சண்டை பிடிக்கவில்லை. அதுதான் எனக்கு இப்போது பயமாக இருக்கிறது.

மூன்றாம் நாள் விடிந்து ஏழு மணி இருக்கும். பீப்பாயைத் திறந்தேன். சாரத் துண்டுகள் தண்ணீருக்கு மேல் மிதந்தன. அவற்றுக்குக் கீழே கால்கள். கழன்ற கடிகால்கள், பிளந்த வயிறுகள், வெண்ணிறச் சதை. இன்னும் சாகாத சில, தமக்குக் காலே இல்லை என்று தெரியாமல் அசைந்துகொண்டிருந்தன. எல்லாவற்றுக்கும் மேலே ஒரு பெரிய நண்டு, மூன்று காலோடு நின்றது. அதன் பிடியில் வேறொன்றின் கடிகால். இரண்டு மாத உழைப்பு.

சுவருக்கு அந்தப் பக்கமிருந்து தங்கச்சி மெதுவாகச் சொன்னாள். "சொன்னன்தானே அக்கா. இளகும் எண்டு."

அவள் சொன்னது சரி. அவள் அதைக் குத்தலாகக்கூடச் சொல்லவில்லை. சரியாக இருந்ததுதான் என்னால் தாங்க முடியவில்லை. நான் சுவரைச் சுற்றிப் போய், சீலையைப் பிடித்துக் கிழித்தேன். பாயின் நுனியை இரண்டு கையாலும் பிடித்தேன்.

"எழும்பு. என்ட வீட்ட விட்டு வெளிய போ."

பாயைப் பலமாக இழுத்தேன். பாயில் பிள்ளையும் கிடந்தது. பார்க்காமல் செய்தேன் என்று பிறகு எல்லாரிடமும் சொன்னேன். பார்த்தேன். பார்த்துக்கொண்டுதான் இழுத்தேன். தங்கச்சி பாய்ந்து பிள்ளையை வாரி நெஞ்சோடு எடுத்தாள். எடுத்த வாக்கில் உருண்டு, அந்தப் பூசாத சுவர் விளிம்பில் வயிறு அடிபட விழுந்தாள். "அக்கா" என்று ஒரே ஒரு முறை சொன்னாள். அவள் உடுத்திருந்த வெள்ளைச் சீலையில் இரத்தம் ஊறி விரிந்தது.

குசினிப் பக்கமிருந்து வந்த அவள் புருஷன் அதைப் பார்த்தார். மூலையில் ஆற்றில் ஊன்றித் தோணி தாங்குகிற கம்பு சாத்தியிருந்தது. அதை எடுத்து என் தலைக்கு வீசினார். என் கணவர் இடையில் விழுந்தார். அடி அவர் தோளில் இறங்கி, காறை எலும்பு முறிந்த சத்தம் எனக்குக் கேட்டது. தங்கச்சியின் புருஷன் மறுபடியும் ஓங்கினார். என் கணவர் ஒற்றைக் கையால் அவர் கழுத்தைப் பிடித்துச் சுவரோடு அமுக்கினார். அம்மா வாளியைத் தேடினா. நான் அம்மிக் குழவியைத் தேடினேன். வெட்கமில்லாமல் எழுதுகிறேன், தங்கச்சி இரத்தத்தில் கிடக்க நான் குழவியைத் தேடினேன்.

அப்போதுதான் அறைக் கதவு திறந்தது. என் மகள் வெளியே வந்தாள். எந்த ஆணும் பார்க்கக் கூடாத அந்த நாளில், தலை விரித்தபடி, தலைமாட்டில் வைத்த வெட்டுக்கத்தியோடு வந்தாள். நேரே போய்த் தங்கச்சிக்கு முன்னால் நின்றாள். கத்தியை அவள் நீட்டியது என்னைப் பார்த்து.

"ஒராளும் கிட்ட வரப்படா" என்றாள். கத்தியை இரண்டு கையாலும் பிடித்தாள். "அம்மா, நீங்களும்தான்."

ஆண்கள் இரண்டு பேரும் பிடியை விட்டார்கள். மகள் என்னை விட்டுக் கண்ணை எடுக்காமல் குனிந்து, "உள்ள வாங்க சின்னம்மா" என்று அவளைத் தாங்கி, பிள்ளையோடு அறைக்குள் கொண்டுபோய்த் தன் பாயில் கிடத்தினாள். அந்த அறையில் அவர்களுக்கு இடம் இருந்தது.

றோட்டு தண்ணீருக்குள் இருந்ததால் ஆஸ்பத்திரிக்குத் தோணியில்தான் போக வேண்டும். அதில் நான்கு பேருக்குத்தான் இடம். தங்கச்சியின் புருஷன் கம்பு ஊன்றித் தோணியைத் தாங்கினார், அதே கம்பு. என் கணவர் முறிந்த தோளோடு அவள் தலையை மடியில் வைத்திருந்தார். அம்மா பிள்ளையோடு முன்னால் குந்தினா. நான் இடுப்பளவு தண்ணீரில் தோணியைப் பிடித்துக்கொண்டு, நானும் வாறன் என்றேன்.

தங்கச்சி கண்ணைத் திறக்கவில்லை. "அக்கா வேணா" என்றாள்.

வீட்டுக்கு வந்து பீப்பாயைக் கவிழ்த்தேன். மூன்று காலோடு நின்ற அந்த ஒன்று மட்டும் உயிரோடு என்னைப் பார்த்துக் கடிகாலை விரித்தது. அதைக் கொல்ல எனக்குக் கை வரவில்லை. அகப்பையால் தள்ளி வெள்ளத்தில் விட்டேன். அறைக் கதவை மகள் உள்ளே தாழ்ப்பாள் போட்டிருந்தாள். வெளியே இருந்து சாப்பாடு என்றேன். வைத்துவிட்டுப் போங்க என்றாள்.

முகத்துவாரம் வெட்டி ஆறு இறங்கியது. தங்கச்சியின் தையலைத் திரும்பப் போட்டார்கள். புண் சீழ் வைத்து மாதக் கணக்கில் இழுத்தது. அவளும் புருஷனும் என் வீட்டுக்குத் திரும்பவில்லை. வெறும் அத்திவாரத்தின் மேல், தலைக்கு மேலே படங்கு கட்டி இருந்தார்கள். கல் மேல் கல்லாக அந்த வீடு பிறகு எழும்பியது. அவளுக்கு அடுத்த பிள்ளை தங்கவில்லை. அதற்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்று டொக்டர் சொன்னதாக அம்மா என்னிடம் சொன்னா. அம்மா எனக்காகப் பொய் சொல்லக்கூடியவ.

அந்தத் தோணிக்குள் என்ன நடந்ததோ, இரண்டு ஆண்களும் கூட்டாளியாகிவிட்டார்கள். ஆளுக்கொரு தோணி, நடுவே ஐம்பது அடி ஆறு. அங்கேயிருந்து இங்கே கத்திப் பேசிக்கொண்டு இப்போதும் நண்டுப் பெட்டி பார்க்கிறார்கள். நானும் தங்கச்சியும் நான்கு வருடம் பேசவில்லை. அம்மா செத்த அன்று பிரேதத்தின் அந்தப் பக்கம் அவள், இந்தப் பக்கம் நான். அவள்தான் முதலில், "அக்கா, சாப்பிட்டீங்களா?" என்று கேட்டாள். நான் அம்மாவுக்காக அழுவது போல அழுதேன்.

மகளுக்கு இப்போது இருபத்திரண்டு. ஆவணியில் கலியாணம். வீடு இனி அவளுக்கு. நான் எங்கள் வழக்கப்படி அம்மா இருந்த இடத்திலேயே கொட்டில் போடலாமென்று கிடுகுக்குச் சொல்லி வைத்தேன். மகள் வந்து என் முன்னால் குந்தினாள்.

"அம்மா, பின்னால கொட்டில் வேணா."

"அப்ப நான் எங்க போற? ஆத்துக்குள்ளயா?"

"கோவிக்காதீங்க. எனக்கு உங்களில பயமில்ல. ஆனா பிள்ள குட்டி எண்டு வந்தா, உங்களுக்கு உங்களில பயம் வரும்."

என் கை எழும்பியது. அறைந்துவிடுவேன் என்று இரண்டு பேருக்கும் தெரிந்தது. அவள் நகரவில்லை. நான் கையை முந்தானைக்குள் இறுக்கிச் சுற்றி, மடியில் வைத்துக்கொண்டேன். அவள் எழும்பிப் போகும்வரை அதை அவிழ்க்கவில்லை.

போன கிழமை தங்கச்சி சொல்லி அனுப்பினாள், தன் வளவுக்கு வரும்படி. போனேன். அவள் மகன், அந்தப் பாயில் கிடந்த பிள்ளை, எனக்குக் கதிரை கொண்டுவந்து வைத்தான். கதிரையைக் கொஞ்சம் தள்ளித்தான் வைத்தான். தங்கச்சி குசினி வாசலில் நின்றாள். அவள் எதையும் மெதுவாகச் செய்வாள். மெதுவாக இறங்கி, ஒன்று, இரண்டு என்று அடி வைத்து எண்ணிக்கொண்டு வளவின் மற்ற மூலைக்கு நடந்தாள். நாற்பதில் நின்று, குதிக்காலால் மண்ணில் ஒரு கோடு கீறினாள். பின்னால் அவள் புருஷன் அலவாங்கோடு வந்தார்.

"கிணத்துப் பக்கம் கிட்டத்தில இடமிரிக்கே" என்றேன். கதிரையை விட்டு எழும்பினேன்.

"வேணா அக்கா. கொட்டில இவடத்தில போடுங்க." அவள் என் முகத்தை நேராகப் பார்த்தாள். "கூப்பிட்டாக் கேக்கும். எறிஞ்சாப் படாது."

நான் அவள் புருஷனிடமிருந்து அலவாங்கை வாங்கி, அந்தக் கோட்டில் முதல் குழியைத் தோண்டினேன்.